சிரித்த இடத்தில் விழுந்த ஒட்டு

போன மாதம் லெட்சுமி தொலைபேசியில் அழைத்தாள். அவள் எனக்குப் பின்னால் வேலைக்குச் சேர்ந்து என் பக்கத்து மேசையில் உட்கார்ந்தவள்.

"அக்கா, டிவிய தொறந்தா பூரா காமெடியாவே போடுறாங்க லா. பாட்டு இல்ல, சண்ட இல்ல, கத கூட இல்ல. சிரிக்கிற எடத்த மட்டும் வெட்டி வெட்டி ஒட்டி ஒரு மணி நேரம் ஓட்டுறாங்க. அந்த ஆட்டுக்காரன் விசயத்துல நாம பட்ட பாடு ஞாபகம் இருக்கா? யாருக்கும் தெரியாதுக்கா. எழுதுங்களேன்."

பேசச் சொல்லியிருந்தால் மறுத்திருப்பேன். எழுதுவது எனக்குப் பேசுவதைவிடச் சுலபம். மூன்றாம் படிவம், அதாவது ஒன்பதாம் வகுப்பு வரை படித்தவள் எழுதுவதில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எழுபதுகளின் தொடக்கத்திலிருந்து, வீடியோ கேசட் வந்து எங்கள் கிளையை மூடும்வரை, ஈப்போவில் ஒரு படவிநியோகக் கம்பெனியில் பிலிம் சரிபார்க்கும் வேலை செய்தேன். அதன் பிறகு கையுறைத் தொழிற்சாலையில் இருந்து ஓய்வு பெற்றேன். ஆனால் யாராவது என்ன வேலை பார்த்தீர்கள் என்று கேட்டால் முதல் வேலையைத்தான் சொல்கிறேன்.

அந்த வேலை இதுதான். சென்னையிலிருந்து வரும் தமிழ்ப் படத்தின் ஒரு பிரதி பேராக் மாநிலம் முழுவதும் தியேட்டர் தியேட்டராகச் சுற்றும். ஒரு தியேட்டரில் ஓடி முடிந்ததும் தகரப் பெட்டிகளில் எங்களிடம் திரும்பி வரும். அறுந்திருக்கிறதா, கிழிந்திருக்கிறதா, ஏதாவது குறைந்திருக்கிறதா என்று பார்த்து, சரி செய்து, அடுத்த தியேட்டருக்கு அனுப்ப வேண்டும்.

மேசையின் இரண்டு பக்கமும் கைப்பிடி வைத்த தட்டுகள் இருக்கும். நடுவில் ஒரு கண்ணாடி, அதன் அடியில் விளக்கு. வலது கையால் சுற்ற வேண்டும். இடது கையில் பருத்திக் கையுறை போட்டு, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே பிலிமை ஓட விட வேண்டும். ஓரத்தில் இருக்கும் பல் ஓட்டை ஒன்று உடைந்திருந்தாலும் கையுறையின் நூல் அதில் மாட்டும். உடனே நிறுத்தி, கெட்ட இடத்தை வெட்டி, பிளேடால் சுரண்டி, பசை தடவி, இரண்டு முனையையும் சேர்த்து அழுத்திப் பிடித்துப் பத்து எண்ண வேண்டும். ஒவ்வொரு ஒட்டுக்கும் பிலிமில் இருக்கும் தனித்தனிப் படங்களில், அதாவது கட்டங்களில், இரண்டு மூன்று போய்விடும். ஒரு நொடிக்கு இருபத்து நான்கு கட்டம் ஓடுவதால், அந்த இழப்பு பார்ப்பவர் கண்ணுக்குத் தெரியாது.

ஆனால் கார்டில் தெரிய வேண்டும். ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு கார்டு உண்டு. புதிதாக எத்தனை ஒட்டு, எத்தனை கட்டம் குறைவு, என்ன காரணம், கீழே என் பெயர், அதன் கீழே தலைமைச் சரிபார்ப்பாளரின் கையெழுத்து. குறை இருந்தால் அந்தத் தியேட்டருக்குக் கடிதம் போகும். கடிதம் போனால் அங்கே திட்டு வாங்குவது படம் ஓட்டும் ஆபரேட்டர்தான்.

தலைமைச் சரிபார்ப்பாளர் காதர் அண்ணன். மெலிந்த, உயரமான மனிதர். காலையில் வந்ததும், "கைய காட்டு" என்பார். நகம் வளர்ந்திருக்கிறதா, எண்ணெய் இருக்கிறதா என்று பார்ப்பார். என்னிடம் ஒரு நாளும் குரல் உயர்த்தியதில்லை. தவறு கண்டால் மேசையை விரலால் இரண்டு முறை தட்டுவார். தேநீரைப் பிலிமுக்குப் பக்கத்தில் குடிக்கமாட்டார். படிக்கட்டில் நின்றுகொண்டு குடிப்பார். முதல் மூன்று மாதம் என்னைக் கெட்டுப்போன பிலிமை மட்டும் சுற்ற வைத்தார். அந்த மூன்று மாதத்தில் அவர் சொல்லிக்கொடுத்ததில் ஒன்றை மட்டும் இங்கே சொல்ல வேண்டும். அது பின்னால் நடந்ததைப் புரிந்துகொள்ளத் தேவை.

பிலிமின் ஓரத்தில் நெளிநெளியாக ஒரு கோடு ஓடும். அதுதான் சத்தம். ஆனால் ஒரு கட்டத்துக்கான சத்தம் அந்தக் கட்டத்தின் பக்கத்திலேயே இருக்காது. இருபது கட்டம் முன்னால் தள்ளி இருக்கும். மெஷினில் படம் ஓரிடத்திலும் சத்தம் அதற்குக் கீழே வேறோர் இடத்திலும் எடுக்கப்படுவதால் அப்படி அச்சடிக்கிறார்கள். காதர் அண்ணன் பென்சில் முனையை வைத்துக் காட்டினார்.

"இங்க வாய தொறக்குறான் பாரு. குரலு இங்க இல்ல. இந்தா, இங்க இருக்கு. வாய காப்பாத்துறதா நெனச்சி குரல வெட்டிப்புடாத."

நான் தலையாட்டினேன். அந்த அலுவலகத்தில் என் பதில் எல்லாம் தலையாட்டல்தான். பெட்டி கட்டும் சீனர் ஆ சோங் நான் ஊமை என்றே ஒரு வருடம் நம்பியிருந்தார்.

வேலை பழகியபின் ஒன்றைக் கவனித்தேன். சண்டைக் காட்சியிலும் சோகக் காட்சியிலும் ஒட்டுகள் அங்கொன்றும் இங்கொன்றுமாக விழும். நகைச்சுவைக் காட்சியில் மட்டும் ஒரே இடத்தில் கூட்டமாக விழும். ஏன் என்று காதர் அண்ணனிடம் கேட்கக் கூச்சம். ஆ சோங்தான் ஒரு நாள் தானாகச் சொன்னார். அவருக்குத் தமிழ் நன்றாக வரும்.

"எஸ்டேட் ஆளு சனிக்கிழம வந்து பாக்குறான். சிரிப்பு வந்தா நாற்காலி அடிக்கிறான், 'மறுபடி போடு, மறுபடி போடு'. ஆப்பரேட்டர் என்ன செய்வான்? மெசின நிப்பாட்டி, கையால திருப்பி சுத்தி, மறுபடி போடுறான். பிலிம் அங்கதான் பிய்யுது லா."

அதற்குப் பிறகு என் விரல்களுக்கு வேறொரு வேலையும் வந்துவிட்டது. கையுறை ஓரிடத்தில் அடிக்கடி மாட்டினால், இங்கே சிரித்திருக்கிறார்கள் என்று தெரியும். சித்தியவான் ஊரில் எந்த வரிக்குச் சிரித்தார்கள், பத்து காஜா ஊரில் எந்த வரிக்கு என்று என்னால் சொல்ல முடியும். மீனவர்கள் வரும் தியேட்டரிலிருந்து வரும் பிலிமில் உப்பு வாடை அடிக்கும். அவர்கள் நடிகர் அடிவாங்கும் காட்சிக்குத்தான் அதிகம் சிரிப்பார்கள்.

ஆனால் அந்த வரிகளை நான் கேட்டதே இல்லை. என் மேசையில் எல்லாரும் ஊமைகள். நடிகர் வாயைத் திறப்பார், மூடுவார், அவ்வளவுதான். தியேட்டருக்குத் தனியாகப் போக எனக்குத் துணிச்சல் இல்லை. அப்பா அழைத்துப் போகமாட்டார். வாரத்தில் ஆறு நாள் பிலிமோடு இருந்துவிட்டு ஏழாம் நாளும் அதையா என்ற எண்ணமும் இருந்தது.

அந்த ஆட்டுப் படம் வந்தது எண்பதுகளின் தொடக்கத்தில். படத்தின் பெயர் வேண்டாம். அதில் நகைச்சுவை நடிகர் நேர்த்திக்கடனுக்கு ஓர் ஆட்டைத் தோளில் சுமந்துகொண்டு மலையேறுவார். ஆடு உதைக்கும், காதைக் கடிக்கும், இரண்டு முறை இருவரும் உருண்டு கீழே வருவார்கள். உச்சிக்குப் போய்ச் சேர்ந்ததும் பூசாரி சொல்வார், திருவிழா அடுத்த மாதம் என்று. அவர் ஆட்டை மெதுவாக இறக்கி வைத்து, துண்டை எடுத்து ஒரு உதறு உதறி, மறுபடி தோளில் போட்டு, பூசாரியை நிமிர்ந்து பார்த்துக் கேட்பார்: "இப்பவாய்யா சொல்றே?"

இந்த வரியை நான் முதலில் கேட்டது பேருந்தில். அப்போது நாங்கள் பத்து காஜா பக்கம் ஒரு கித்தா, அதாவது ரப்பர்த் தோட்டத்தின் லய வீடுகளில் இருந்தோம். தோட்டத்தை விற்றுவிடப் போகிறார்கள் என்ற பேச்சு ஓடிக்கொண்டிருந்தது. காலைப் பேருந்தில் லஹாட் நிறுத்தத்தில் இறங்க வேண்டிய ஒருவர் தூங்கிவிட்டார். பேருந்து தாண்டிய பிறகு எழுந்து மணியை அடித்தார். நடத்துநர் தோளில் கிடந்த துண்டை எடுத்து உதறி, திரும்பப் போட்டு, அவரைப் பார்த்தார்.

"இப்பவாய்யா சொல்றே?"

பேருந்தே அதிர்ந்தது. இறங்க வேண்டியவரும் சிரித்துவிட்டார். பின்னால் பள்ளிக்கூடப் பிள்ளைகள் அதையே சொல்லிச் சொல்லி ஈப்போ வரை வந்தார்கள். அன்று அலுவலகம் போனதும், திரும்பி வந்திருந்த ஆட்டுப் படத்தின் நான்காவது பெட்டியை எடுத்து, அந்த வாய் எங்கே என்று தேடினேன். கண்டுபிடித்தேன். துண்டு, நிமிர்ந்த முகம், திறந்த வாய். ஆடு அவரைவிட அதிகமாக அதிர்ச்சியடைந்த முகத்தோடு கேமராவைப் பார்த்துக்கொண்டிருந்தது. துண்டை உதறும் இடத்தில் அப்போதே ஒரு புது ஒட்டு இருந்தது.

பிறகு ஊரே அதைச் சொல்லத் தொடங்கியது. கடையில் சில்லறை இல்லை என்றால் "இப்பவாய்யா சொல்றே?" தோட்டத்து எழுத்தர் கிராணி ஞாயிற்றுக்கிழமையும் வேலை என்றால் பின்வரிசையிலிருந்து யாராவது "இப்பவாய்யா சொல்றே?" எங்கள் லயத்தில் ஒரு கல்யாணத்தில் தாலி கட்டி முடித்த பிறகு மாப்பிள்ளையின் மாமா வந்து ஏதோ சடங்கு விட்டுப்போச்சு என்றார். மாப்பிள்ளையே மாலையோடு திரும்பி அதைச் சொல்லிவிட்டான்! பெண்வீட்டார் சிரித்த சிரிப்பில் மேளக்காரர்கள் வாசிப்பை நிறுத்திவிட்டார்கள்.

ஆ சோங் பெட்டியைக் கட்டி முடித்த பிறகு லெட்சுமி இன்னொரு சுருளைக் கொண்டுவந்து நீட்டினால், அவர் கழுத்தில் கிடக்கும் அழுக்குத் துண்டை உதறி, "இப்பாவாயா சொல்லே?" என்பார். லெட்சுமி வேண்டுமென்றே தாமதமாகக் கொண்டுபோவாள்.

காதர் அண்ணன் மட்டும் சிரிக்கமாட்டார். மேசையை இரண்டு தட்டு தட்டுவார். ஆனால் ஒரு மதியம் நான் சாப்பாடு முடித்து மேலே வந்தபோது, அவர் ஜன்னல் வெளிச்சத்தில் ஒரு துண்டு பிலிமைத் தூக்கிப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். முதுகை எனக்குக் காட்டி நின்றார். தோள் இரண்டும் குலுங்கிக்கொண்டிருந்தன. நான் சத்தமில்லாமல் படியிறங்கிப்போய் ஐந்து நிமிடம் கழித்து இருமிக்கொண்டே வந்தேன்.

இனி என் தவறைச் சொல்லியாக வேண்டும்.

ஆட்டுப் படம் ஒவ்வொரு தியேட்டரிலிருந்து திரும்பும்போதும் அந்த இடத்தில் ஒரு புது ஒட்டு இருக்கும். இரண்டு கட்டம் குறைந்திருக்கும், சில சமயம் மூன்று. விதிப்படி எழுத வேண்டும். நான் எழுதவில்லை. எழுதினால் கடிதம் போகும். எங்கோ ஓர் ஆபரேட்டர், நாற்காலி அடிக்கும் கூட்டத்துக்கு இரங்கி மறுபடி ஓட்டியதற்காகத் தலைகுனிந்து நிற்பார். இரண்டு கட்டம்தானே என்று நினைத்தேன். "புதிய குறை: இல்லை" என்று எழுதி நீட்டினேன். என்மேல் இருந்த நம்பிக்கையில் காதர் அண்ணன் கையெழுத்துப் போட்டார். இப்படி ஒரு முறை, இரண்டு முறை அல்ல. ஒவ்வொரு முறையும் அந்த ஒரு பயணத்தை மட்டும் பார்த்தேன். ஒரு நாளும் எல்லாவற்றையும் கூட்டிப் பார்க்கவில்லை.

படம் பேராக்கில் கடைசியாக ஆயர் தாவார் பக்கம் ஒரு சின்னத் தியேட்டரில் ஓடியது. நான் வழக்கம்போல் அனுப்பினேன். அங்கிருந்து திரும்பி வந்த நாளில் எனக்குக் காய்ச்சல், விடுப்பில் இருந்தேன். அவசரமாக வேறு மாநிலத்துக்குத் தேவை என்று சரிபார்க்காமலேயே அனுப்பிவிட்டார்கள். ஒரு வாரத்தில் அங்கிருந்து நான்காவது சுருளோடு கடிதம் வந்தது. ஊர் முழுக்கப் பேசும் அந்த வசனமே படத்தில் இல்லை, ஜனங்கள் காசைத் திருப்பிக் கேட்டார்கள் என்று.

மேனேஜர் கார்டுகளை வரிசையாக எடுத்துப் பார்த்தார். ஆயர் தாவாருக்குப் போகும்வரை எல்லாவற்றிலும் "புதிய குறை: இல்லை". அதற்குப் பிறகு வசனம் இல்லை. ஆக, திருடியது அந்தத் தியேட்டரின் ஆபரேட்டர் முனியாண்டி. புகழ்பெற்ற காட்சியை வெட்டி விற்பவர்கள் அந்தக் காலத்தில் இருந்தார்கள். போதாததற்கு, அவர் வீட்டு ஜன்னலில் பிலிம் துண்டு ஒட்டியிருப்பதைப் பார்த்ததாக யாரோ சொல்லியிருந்தார்கள். அந்த ஆளை வேலையிலிருந்து எடுக்காவிட்டால் தீபாவளிப் படம் கிடையாது என்று தியேட்டர் முதலாளி தவுக்கேக்குக் கடிதம் தட்டச்சாகிக்கொண்டிருந்தது.

முனியாண்டி அண்ணன் முதல் பேருந்தைப் பிடித்து ஈப்போவுக்கு வந்துவிட்டார். கழுத்துவரை பொத்தான் போட்ட வெள்ளைச் சட்டை, கையில் ஒரு காகிதப் பை. நான் வேலைக்கு வந்தபோது படிக்கட்டில் உட்கார்ந்திருந்தார். எழுந்து வழி விட்டார். யாரென்று எனக்கு அப்போது தெரியாது.

பத்து மணிக்கு மேனேஜர் என்னைக் கார்டுகளோடு வரச் சொன்னார். உள்ளே காதர் அண்ணனும் நின்றுகொண்டிருந்தார். மேசைமேல் நான்காவது சுருள் இருந்தது. நான் கதவருகிலேயே நின்றேன்.

"சார், நான் வெட்டல" என்றார் முனியாண்டி அண்ணன். "ஒரு தடவ திருப்பிப் போட்டேன். ஒத்துக்கிறேன். ரெண்டு கட்டம் போச்சு. அதுக்கு மேல நான் தொடவே இல்ல."

"ஒங்கிட்ட வர்றப்ப முழுசா இருந்துச்சு. கார்டுல எழுதியிருக்கு. ஒங்கிட்டருந்து போறப்ப இல்ல. நடுவுல வேற யாரு லா?" என்றார் மேனேஜர்.

"எங்கிட்ட வர்றப்பவே சத்தம் சரியா இல்ல சார்."

"சத்தமே இல்லாத எடத்த யாராச்சும் மறுபடி போடச் சொல்வாங்களா?"

முனியாண்டி அண்ணன் ஓர் அடி முன்னால் வந்தார். "சார்... நான் சொன்னா நம்பமாட்டீங்க. அவரு துண்ட ஒதறி வாயத் தொறந்த ஒடனே, கொட்டாய் பூரா ஒரே குரலா அவங்களே சொல்லிப்புடுறாங்க. படத்துல சத்தம் வந்துச்சா வல்லியான்னு அவங்களுக்கும் தெரியல. கைதட்டி மறுபடி போடுங்கிறாங்க. மறுபடியும் அவங்களே சொல்லிக்கிறாங்க."

"நல்லா கத உடுற" என்றார் மேனேஜர். "வீட்டு ஜன்னல்ல ஒட்டி வச்சிருக்கியாமே?"

முனியாண்டி அண்ணன் காகிதப் பையை மேசைமேல் கவிழ்த்தார். ஒன்றும் இரண்டுமாக வெட்டிய துண்டுகள். ஜன்னலிலிருந்து பிய்த்த கோந்து இன்னும் ஒட்டியிருந்தது. வெவ்வேறு படங்களின் துண்டுகள். "கீழ விழுந்தது சார். குப்பைக்கு போறது. எம் மவ வெயிலு பட்டா செவத்துல கலரு விழுதுன்னு கேட்டா. அதான். இது போச்சுன்னா எனக்கு வேற தொழிலு தெரியாது சார். மறுபடியும் வாளியத் தூக்கிக்கிட்டு கித்தாப் பால் வெட்டப் போற வயசும் இல்ல."

மேனேஜர் என் பக்கம் கையை நீட்டினார். "கார்ட குடு."

கார்டுகள் என் கையில் இருந்தன. என் கையெழுத்து. இல்லை, இல்லை, இல்லை. அவற்றைக் கொடுத்துவிட்டு வெளியே வந்திருக்கலாம். யாரும் என்னை எதுவும் கேட்டிருக்கமாட்டார்கள். பல வருடமாக யாரும் என்னை எதுவும் கேட்டதில்லை.

நான் கார்டைக் கொடுக்காமல் மேசைக்குப் போய்ச் சுருளை எடுத்தேன். அந்த இடத்தைத் தேட வேண்டியிருக்கவில்லை, விரலுக்குத் தெரியும். ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். முதல் முறையாக அந்த ஒட்டுகளை ஒன்றன்பின் ஒன்றாக எண்ணினேன்.

"ஒம்போது ஒட்டு இருக்கு சார்" என்றேன்.

மேனேஜர் யார் பேசியது என்று கதவைப் பார்த்தார்.

"திருடுறவன் ஒரே வெட்டா வெட்டுவான் சார். ரெண்டு முனைக்கும் ஒரே ஒட்டுதான் இருக்கும். இது ஒம்போது. ஒவ்வொன்னும் ரெண்டு, மூணு கட்டம். அப்பறம்... வாயி முழுசா இருக்கு சார். பாருங்க. வாயில ஒரு கட்டம் கூட போவல. அவரு துண்ட ஒதறுற எடத்துலதான் வெட்டியிருக்காங்க. அங்க ஒன்னும் பேசலியே, வெட்டுனா பரவால்லன்னு அவசரத்துல நெனச்சிருக்காங்க. ஆனா அவரு கொரலு இருக்கறது அந்த எடத்துலதான். இருபது கட்டம் முன்னாடி."

காதர் அண்ணன் முன்னால் வந்து பிலிமை வாங்கினார். பார்த்தார். நெளிகோட்டில் நகத்தை வைத்து நகர்த்தினார். "ஆமா சார். கடைசி எழுத்தோட வாலு மட்டும் நிக்குது" என்றார்.

"ஒம்போதும் இவரா?" என்றார் மேனேஜர்.

"இல்ல சார்" என்றேன். "கடைசி ஒன்னுதான் இவரோடது. மத்தது இவருகிட்ட போறதுக்கு முன்னாடியே இருந்துச்சு. ஒவ்வொரு தியேட்டர்லயும் ஒன்னு. நான் பாத்தேன். கார்டுல எழுதல."

"எழுதலயா? ஏன்?"

கார்டுகளை மேசைமேல் வைத்தேன். "சிரிச்ச எடம் சார். எழுதுனா லெட்டர் போவும். பாவமா இருந்துச்சு. ரெண்டு ரெண்டு கட்டம்தானேன்னு... அஞ்சாறு மாசமா எழுதல."

மேனேஜர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். சட்டைப் பையிலிருந்து கைக்குட்டையை எடுத்து ஒரு உதறு உதறினார். கண்ணாடியைத் துடைத்து, மறுபடி போட்டுக்கொண்டு, என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"இப்பவாம்மா சொல்றே?"

கதவுக்கு வெளியே ஒரு பெட்டி விழுந்த சத்தம். ஆ சோங் ஒட்டுக் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார். முனியாண்டி அண்ணன் தரையைப் பார்த்தார். கன்னம் இரண்டும் உப்பியிருந்தன. வேலை போகப்போகிற மனிதருக்கு, சிரிப்பை அடக்கியதில் கண்ணீர் வருகிறது. காதர் அண்ணன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்குத் தெரிந்த அந்த முதுகு, தெரிந்த அந்தக் குலுங்கல். மேனேஜருக்கு முதலில் புரியவில்லை. தன் கைக்குட்டையைப் பார்த்தார். பிறகு புரிந்தது. வாய் ஒரு பக்கமாகக் கோணியது. அதைச் சரிசெய்ய அவர் பட்ட பாட்டைப் பார்க்கக்கூடாது என்று நான் சுருளைச் சுற்றத் தொடங்கினேன்.

கொஞ்சம் அடங்கிய பிறகு காதர் அண்ணன் சொன்னார்: "கார்டுல கீழ இருக்குற கையெழுத்து என்னுது சார். இந்தப் புள்ளைக்கு லெட்டர் போட்டா எனக்கும் ஒன்னு போடுங்க."

இரண்டு பேருக்கும் எச்சரிக்கைக் கடிதம் வந்தது. தவுக்கேக்குப் போக இருந்த கடிதம் தட்டச்சு மெஷினிலிருந்து உருவி எறியப்பட்டது. கார்டைத் திருத்தி எழுதச் சொன்னார்கள். காரணம் என்ற இடத்தில் நான் "மக்கள் கேட்டதால்" என்று எழுதினேன். மேனேஜர் அதை அடித்துவிட்டுத் "தேய்மானம்" என்று எழுதினார்.

முனியாண்டி அண்ணன் படியில் நின்று, "தங்கச்சி, ஒங்களுக்கு பேச வராதுன்னுல்ல கீழ சொன்னாங்க" என்றார். அவ்வளவுதான் சொன்னார். காகிதப் பையை மறந்து மேலேயே வைத்துவிட்டுப் போய்விட்டார். ஆ சோங் ஓடிப்போய்க் கொடுத்தார்.

காதர் அண்ணன் ஒரு வாரம் என் கையைப் பார்க்கக் கேட்கவில்லை. அது எனக்குக் கடிதத்தைவிடக் கஷ்டமாக இருந்தது. எட்டாம் நாள், "கைய காட்டு" என்றார். காட்டினேன். "பாவம் பாத்தது தப்பில்ல. கூட்டாம வுட்டது தப்பு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அதிலிருந்து ஒரு கட்டம் போனாலும் எழுதினேன். ஒவ்வொரு தியேட்டருக்கும், நகைச்சுவைக் காட்சியைத் திருப்பி ஓட்டக்கூடாது என்று கம்பெனி சுற்றறிக்கை அனுப்பியது. மற்ற ஊர்க்காரர்கள் அதைப் படித்ததாகத் தெரியவில்லை. ஒட்டுகள் வழக்கம்போல் வந்தன. நான் எழுதினேன், கடிதம் போனது, அவர்கள் மறுபடியும் திருப்பி ஓட்டினார்கள்.

தீபாவளிப் படம் ஆயர் தாவார் போய்த் திரும்பியது. நகைச்சுவை வரும் சுருளை எடுத்துக் கையுறைக்குள் ஓடவிட்டேன். ஓடிக்கொண்டே இருந்தது. ஒரு இடத்தில்கூட மாட்டவில்லை. இரண்டாம் முறை சுற்றிப் பார்த்தேன். ஒரு ஒட்டு இல்லை. அடுத்த படமும் அப்படியே வந்தது. அதற்கடுத்ததும்.

பெட்டி கொண்டுவரும் லாரிக்காரர் ஆ சோங்கிடம் சொல்லியிருக்கிறார். தோட்டத்து ஜனங்கள் நாற்காலியை அடித்து அடித்துப் பார்க்கிறார்கள், ஆபரேட்டர் அசைவதில்லை, மெஷின் அறைக் கதவை உள்ளே தாழ் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார், கூட்டம் அவரைத் திட்டிக்கொண்டே வீட்டுக்குப் போகிறது என்று. "பயந்துட்டான் லா" என்றார் ஆ சோங்.

ஒரு குறையும் இல்லாத பிலிம். சரிபார்ப்பவளுக்கு இதைவிட என்ன வேண்டும்? ஆனால் அந்த வாரம் முழுக்க எனக்கு அந்தச் சுருளின் வழவழப்பு பிடிக்கவில்லை.

அடுத்த படம் ஆயர் தாவாருக்குப் புறப்படும் நாளில் முனியாண்டி அண்ணனுக்கு ஒரு சின்னத் தாளில் எழுதினேன். வெளி ஆண் ஒருவருக்கு நான் எழுதிய முதல் கடிதம் அது. நான்கு முறை கிழித்தேன். முதலில் நீளமாக இருந்தது. கடைசியில் இரண்டு வரி மிஞ்சியது. "ஒரு தடவை போடலாம். வெட்டுவதானால் வாயையும், இருபது கட்டம் முன்னால் இருக்கும் குரலையும் தவிர்த்து வெட்டுங்கள். நான் உள்ளதை உள்ளபடி எழுதிக்கொள்கிறேன்." பெயர் போடவில்லை. நகைச்சுவை வரும் சுருளின் பெட்டிக்குள் வைத்து மூடினேன். மூடிய பெட்டியிலிருந்து தாளைத் திரும்ப எடுக்க இரண்டு முறை ஆ சோங் வரை போய்த் திரும்பி வந்தேன்.

பத்து நாளில் பெட்டி திரும்பியது. தாள் இல்லை. பதிலும் இல்லை. சுருளை மாட்டிச் சுற்றினேன். முதல் முறை கையுறைக்கு ஒன்றும் அகப்படவில்லை. மனம் சோர்ந்துவிட்டது. விளக்கைப் போட்டு மறுபடி மெதுவாகச் சுற்றினேன்.

இருந்தது. வாய் முழுசாக இருந்தது, நெளிகோடு முழுசாக இருந்தது. பேச்சும் சத்தமும் எதுவும் இல்லாத ஓர் இடத்தைத் தேடிப்பிடித்து, கட்டத்தின் கோட்டுக்கு நேராக வெட்டி, ஓரம் பிசிறில்லாமல் சேர்த்திருந்தார். பசை ஒரு துளி வழியவில்லை. பத்து எண்ணியிருக்கமாட்டார், இருபது எண்ணியிருப்பார். அவ்வளவு சுத்தமான ஒட்டை நான்கூடப் போட்டதில்லை.

கார்டை எடுத்தேன். புதிய ஒட்டு ஒன்று, குறைந்த கட்டம் இரண்டு என்று எழுதினேன்.